ஆறாக இருந்த கால்வாய்

பாங்காக்கின் அரண்மனைக்கும் வாட் அருண் விகாரைக்கும் நடுவே அகன்று ஓடும் சாவ் ப்ரயாவை ஆறு என்றும், அதன் மேற்குக் கரையில் தோன்புரிப் பகுதிக்குள் வளைந்து புகும் பாங்காக் நொய், பாங்காக் யாய் ஆகிய இரண்டையும் கால்வாய்கள் என்றும் வரைபடங்கள் குறிக்கின்றன. வரலாற்றின்படி பார்த்தால் இது தலைகீழ். 16-ஆம் நூற்றாண்டு வரை ஆறு இந்த இடத்தில் மேற்கு நோக்கி லாட வடிவில் வளைந்து, நெடுந்தொலைவு சுற்றிக்கொண்டுதான் மீண்டும் தெற்கே இறங்கியது. கடலிலிருந்து அன்றைய தலைநகரான அயுத்தயாவுக்கு ஏறிவரும் வணிகக் கப்பல்களுக்கு அந்தச் சுற்று வீண் அலைச்சலாக இருந்ததால், சைராசாதிராத் மன்னரின் ஆட்சியில் வளைவின் கழுத்துப் பகுதியில் ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டருக்கு ஒரு குறுக்குக் கால்வாய் வெட்டினார்கள். நீர் எப்போதும் தனக்கு வாகான வழியையே தேடும். ஆற்றின் ஓட்டம் காலப்போக்கில் அந்த வெட்டுக்குள் முழுவதுமாகப் பாய்ந்து அதை அகலமாக்கிக்கொண்டது. கைவிடப்பட்ட வளைவில் வண்டல் படிந்து அது குறுகிப்போனது. ஆகவே, இன்று சுற்றுலாப் பயணிகள் ஆறு என்று படமெடுப்பது மனிதர் வெட்டிய கால்வாய். கால்வாய் என்று கடந்துபோவது பழைய ஆறு.

படகில் அமர்ந்து அந்த வளைவு முழுவதையும் சுற்றிவந்தால் இந்த இடமாற்றம் கண்ணுக்கே புலப்படுகிறது. பாங்காக் யாயில் நுழைந்து, சக் ப்ரா கால்வாய் வழியாக வடக்கே ஏறி, பாங்காக் நொய் வழியாகப் பெரிய ஆற்றுக்குத் திரும்பும் அந்தச் சுற்று, தோன்புரியின் ஒரு பெரும்பகுதியைத் தீவாகவே சூழ்ந்திருக்கிறது. ஆள்விட்டு வெட்டிய கால்வாய்கள் நூல்பிடித்தாற்போல நேராகப் போகின்றன. இதுவோ, ஆற்றுக்கே உரிய அவசரமற்ற நெளிவுகளோடு போகிறது. வெளிவளைவில் ஆழமும் உள்வளைவில் மேடும் இருப்பதால், துடுப்புப் போடுகிறவர் எந்த இடத்தில் எந்தக் கரையை ஒட்டவேண்டும் என்பதை அறிந்திருக்க வேண்டும். அயுத்தயா காலத்தில் தோன்றிய விகாரைகள் பல இக்கரைகளில் நீரைப் பார்த்தபடி நிற்கின்றன. அவற்றின் முகப்பும் படித்துறையும் சாமி ஊர்வலம் இறங்கும் வழியும் கால்வாய்ப் பக்கம் இருக்க, சாலையிலிருந்து வருகிறவர் வாகனம் நிறுத்துமிடத்தையும் குப்பைத்தொட்டிகளையும் கடந்து புறவாசல் வழியாக நுழையவேண்டியிருக்கிறது.

வேலை நிமித்தமாக இந்நகரில் வசிக்கும் நான், விடுமுறை நாள்களில் இக்கால்வாய்களைச் சுற்றுவதை ஒரு வழக்கமாக்கிக்கொண்டேன். எந்தப் படகில் போகிறோம் என்பதைப் பொறுத்தே எதைப் பார்ப்போம் என்பதும் அமைகிறது என்பது என் அனுபவம். அரண்மனைக்கு அருகிலுள்ள துறைகளில் வாடகைக்குக் கிடைப்பவை பெரும்பாலும் நீள்வால் படகுகள். லாரியிலோ காரிலோ இருந்து கழற்றிய எஞ்சினைப் பின்னணியத்தில் ஒரு சுழல்தாங்கியின்மேல் பொருத்தி, அதிலிருந்து நீளமான ஒரு தண்டை நீட்டி, அதன் நுனியில் விசிறியை வைத்திருப்பார்கள். ஆழம் குறைந்த இடத்திலும் ஆகாயத்தாமரை அடர்ந்த இடத்திலும் எஞ்சினோடு சேர்த்துத் தண்டைத் தூக்கிவிட முடியும் என்பதால், இந்தக் கால்வாய்களுக்கு இதைவிடப் பொருத்தமான கண்டுபிடிப்பு கிடையாது. அதை நான் குறைசொல்லவில்லை. ஆனால் ஒரு மணி நேர வாடகைக்குள் மூன்று விகாரைகளையும் ஒரு சந்தையையும் காட்டியாகவேண்டிய கட்டாயத்தில் அது பறக்கும்போது, கரையில் இருப்பவை எல்லாம் ஓடும் படமாகிவிடுகின்றன. எஞ்சின் சத்தத்தில் பேச்சும் எழாது. போதாக்குறைக்கு அது எழுப்பும் அலை, கரையோர வீடுகளின் மரக்கால்களில் மோதி மண்ணை அரித்துக்கொண்டே போகிறது. அலை வருவதைப் பார்த்ததும் படித்துறையில் பாத்திரம் துலக்குகிறவர்கள் எழுந்து ஒதுங்கி நின்று, அது அடங்கியதும் மீண்டும் உட்காருவதை ஒருமுறை கவனித்த பிறகு அந்தப் படகில் வேகமாகப் போவதில் எனக்கு விருப்பம் இல்லாமல் போயிற்று.

ஆகவே துடுப்புப் படகு. முழங்கால் மடக்கி அமரும் சிறு மரப்படகுகளை வைத்திருப்பவர்கள் உட்கால்வாய்களில் இன்னும் இருக்கிறார்கள். கயாக் வாடகைக்குத் தருகிறவர்களும் இப்போது உண்டு. எனக்கு வாய்த்த படகோட்டி அறுபதைத் தாண்டியவர். அக்கம்பக்கத்தார் அவரை 'லுங்' என்றே அழைப்பார்கள். தாய்லாந்து மொழியில் பெரியப்பாவுக்குச் சொல்லும் முறை. நானும் அப்படியே அழைத்தேன். அவர் பின்னால் நின்றுகொண்டு ஒற்றைத் துடுப்பால் தள்ள, நான் முன்னால் அமர்ந்து கையில் இருந்த துடுப்பை அவருக்குத் தொல்லை இல்லாத அளவுக்கு மட்டும் பயன்படுத்துவேன். நடக்கும் வேகத்தைவிடச் சற்றே கூடுதலான வேகம். அந்த வேகத்தில்தான் வீட்டுத் திண்ணையில் இருப்பவர் நிமிர்ந்து பார்த்து, எங்கிருந்து வருகிறாய் என்று கேட்டு, நாம் பதில் சொல்லி முடிக்கும்வரை எதிரெதிரே இருக்க முடிகிறது.

பாங்காக் யாயின் முகத்துவாரத்தில் விசாய் ப்ரசித் கோட்டையின் வெள்ளைச் சுவர் நிற்கிறது. அயுத்தயா காலத்தில் ஆற்றைக் காவல் காத்த கோட்டை அது. 1688-இல் பாங்காக்கில் தங்கியிருந்த பிரெஞ்சுப் படையைச் சியாம் வீரர்கள் முற்றுகையிட்டு வெளியேற்றினார்கள். இப்போது கடற்படைத் தலைமையகத்துக்குள் இருக்கிறது. அதைத் தாண்டியதும் நீர்க்கதவு குறுக்கே வருகிறது. சாவ் ப்ரயாவில் பாங்காக் வரையிலும் கடலின் ஏற்றவற்றம் உண்டு. மழைக்காலத்தில் வடக்கிலிருந்து வெள்ளமும், அதே நேரத்தில் தெற்கிலிருந்து ஓதமும் வந்தால் இரண்டுக்கும் நடுவே சிக்குவது இந்த நகரம்தான். அதனால் ஆற்றிலிருந்து பிரியும் பெரிய கால்வாய்களின் வாய்களில் கதவுகளை வைத்து மாநகராட்சி நீர்மட்டத்தைக் கட்டுப்படுத்துகிறது. படகு முதல் கதவைக் கடந்து நீர்த்தொட்டி போன்ற அறைக்குள் நின்றதும் பின்கதவு மூடும். உள்ளும் வெளியும் மட்டம் சமமாகும்வரை நீர் மெல்ல ஏறும் அல்லது இறங்கும். பிறகு முன்கதவு திறக்கும். அந்தக் காத்திருப்பில் சரக்குப் படகும் சுற்றுலாப் படகும் எங்கள் ஓடமும் ஒரே அறைக்குள் அடுத்தடுத்து நிற்கும். மற்ற எங்கும் எங்களைத் திரும்பிப் பார்க்காத நீள்வால் படகோட்டிகள் அங்கே மட்டும் லுங்கிடம் வெற்றிலைப் பெட்டி கேட்பார்கள்.

கதவுக்கு உள்ளே நீர்மட்டம் ஒருவர் கையில் இருக்கிறது என்பதை உட்கால்வாய்ப் பாலங்கள் நினைவூட்டிக்கொண்டே இருக்கும். மட்டம் உயர்ந்திருந்தால், நடைபாலங்களுக்கு அடியில் படகுக்குள் முழுவதும் சாய்ந்துகொண்டுதான் போகவேண்டும். சில பாலங்களில் அதுவும் முடியாது. மழை வரப்போகிறது என்று முன்கூட்டியே நீரை இறைத்து இறக்கியிருந்தால் சேற்றில் தரைதட்டும். லுங் கிளம்புமுன் வானத்தைப் பார்ப்பதில்லை. தன் வீட்டுப் படியில் எத்தனை கல் நனைந்திருக்கிறது என்பதையே பார்ப்பார்.

முகத்துவாரத்தை ஒட்டிய ஒரு கிலோமீட்டருக்குள் எத்தனை சமூகங்கள் குடியிருக்கின்றன என்பதைக் கரையில் நடந்து பார்த்தால் அவ்வளவாக விளங்காது. சந்து சந்தாகப் பிரிந்து கிடக்கும் அவை, நீரிலிருந்து பார்க்கும்போது ஒரே வரிசையில் நிற்கின்றன. ஆற்றுமுனையில் மூன்றாம் ராமா மன்னரின் காலத்தில் எழுந்த வாட் கல்யாணமித், உள்ளே பேருருவப் புத்தர். அதற்குப் பக்கத்திலேயே சீனர்களின் கியான் உன் கெங் கோயில். சிறிது தள்ளி, போர்ச்சுக்கீசிய வழித்தோன்றல்கள் வாழும் குடி சீன் பகுதியில் சாந்தா க்ரூஸ் தேவாலயம். இன்றைய கட்டடம் 1916-இல் எழுந்தது, ஆனால் நிலம் மன்னர் தக்சின் கொடுத்தது. கால்வாய்க்குள் திரும்பினால் தோன் சோன் பள்ளிவாசல், நகரின் மிகப் பழைய பள்ளிவாசல்களுள் ஒன்று. எதிர்க்கரையில் பாங் லுவாங் பள்ளிவாசலுக்குக் கும்மட்டமே கிடையாது; செங்கல்லும் சுண்ணமும் கொண்டு பௌத்த விகாரை வடிவில் கட்டி, முக்கோண முகப்பில் கொடிப்பூ வேலைப்பாடுகளைச் செய்திருக்கிறார்கள். வெள்ளையடித்த அந்தச் சுவரைத் தொலைவிலிருந்து பார்க்கிற எவரும் விகாரை என்றே நினைப்பார்.

இவர்கள் அனைவரையும் இங்கே கொண்டுவந்து சேர்த்தது ஒரு தோல்வி. 1767-இல் பர்மியப் படை அயுத்தயாவை எரித்தபோது தப்பியவர்கள் ஆற்றோடு தெற்கே இறங்கினார்கள். தக்சின் தோன்புரியைத் தலைநகராக்கினார். அந்தத் தலைநகரம் 15 ஆண்டுகள்தான் நீடித்தது. 1782-இல் முதலாம் ராமா ஆட்சிக்கு வந்து எதிர்க்கரைக்கு மாற்றிவிட்டார். அரசு அக்கரைக்குப் போன பிறகும், வந்து குடியேறியவர்கள் இக்கரையிலேயே தங்கிவிட்டார்கள். மூங்கில் தெப்பங்களின்மேல் கட்டிய மிதக்கும் வீடுகள் அப்போது இரு கரைகளையும் மறைத்திருந்தன. கடை, குடியிருப்பு, பண்டகசாலை எல்லாம் தெப்பத்தின்மேல். வெள்ளம் வந்தால் வீடு உயரும், வடிந்தால் இறங்கும். 19-ஆம் நூற்றாண்டில் இங்கு வந்த ஐரோப்பியர்கள் வெனிஸோடு ஒப்பிட்டு எழுதியது இந்தக் காட்சியைப் பார்த்துத்தான். அந்த ஒப்புமை எனக்கு ஒருபோதும் பிடித்ததில்லை. வெனிஸ் கல்லால் ஆனது. இதுவோ தெப்பமும் மூங்கிலும் சேறுமாக, நீரோடு சேர்ந்து ஏறி இறங்கிய நகரம்.

தெப்ப வீடுகள் மறைந்து, கால்கள் ஊன்றிய மரவீடுகள் வந்துவிட்டன என்றாலும், வீட்டின் முகம் இன்னும் நீர்ப்பக்கம்தான். கதவிலக்கப் பலகை கால்வாயைப் பார்த்து ஆணியடித்திருக்கும். அஞ்சல் பெட்டியும் அப்படியே. மழைநீர் பிடித்துவைக்கும் வயிறு பெருத்த மண்ஜாடிகள், துளசிமாடம் இருக்கக்கூடிய இடத்தில் காவல் தெய்வத்துக்கான சின்னஞ்சிறு மாடம், அதற்கு வைத்த சிவப்புக் குளிர்பானம், நீருக்குள் இறங்கும் ஏணிப்படி, படியில் செருப்பு. விகாரைகளின் எல்லைக்குள் மீன்பிடிக்கத் தடை என்பதால், அந்தந்தப் படித்துறையருகே கெளுத்தி இனத்துப் பெருமீன்கள் முதுகோடு முதுகு உரசியபடி கொதித்துக்கொண்டிருக்கும். ரொட்டி விற்கும் பெண்மணியின் படகு அங்கே கட்டாயம் நிற்கும். நீந்திவரும் ஆளுயர உடும்புகளை முதன்முதலாகப் பார்ப்பவர்கள் முதலை என்று அலறுவதுண்டு. தாய்லாந்து மொழி பேசுவோருக்கு அதன் பெயரே வசைச்சொல் என்பதால், லுங் அதைப் பெயர் சொல்லாமல் 'அது வருகிறது' என்று மட்டும் சொல்லித் துடுப்பை உயர்த்திக்கொள்வார்.

பாங் லுவாங் பகுதியில் ஓவியர்கள் நடத்தும் பழைய மரவீடும் அங்கே நடக்கும் பாவைக்கூத்தும் பரவலாக அறியப்பட்டவை. கூட்டம் அதிகம், இடம் குறைவு. அதற்கு மேல் சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. சற்று மேலே, வாட் பாக்நாமில் 2021-இல் முடிவடைந்த 69 மீட்டர் உயரப் பொன்னிறப் புத்தர் சிலை, எந்தக் கிளைக்கால்வாயில் திரும்பினாலும் தென்னந்தலைகளுக்கு மேலே எட்டிப்பார்க்கிறது. அழகு பற்றி எனக்கு ஐயம் உண்டு. வழிதவறியவனுக்குத் திசைகாட்டியாக அது பயன்படுவதில் ஐயமே இல்லை.

நான் மீண்டும் மீண்டும் போக விரும்புவது அதற்கும் மேற்கே, தலிங் சானையும் பாங் குன் தியனையும் நோக்கிக் கால்வாய்கள் கிளைத்து ஒடுங்கும் தோட்டப் பகுதி. இங்கே நிலம் என்று தனியாக ஒன்று கிடையாது. தோண்டி எடுத்த சேற்றைக் குவித்து உண்டாக்கிய மேட்டுப் பாத்திகளும், தோண்டிய இடத்தில் நிற்கும் வாய்க்கால்களும் மாறிமாறி வருகின்றன. கடல் ஏற்றத்தில் கால்வாய் நீர் சிறு மதகுகள் வழியாக வாய்க்காலுக்குள் ஏறும், வற்றத்தில் வடியும், எவ்வளவு நிறுத்தவேண்டும் என்று தோட்டக்காரர் மதகைத் திறந்தும் அடைத்தும் தீர்மானிப்பார். வாய்க்காலுக்குள் விடும் சிற்றோடத்தில் நின்றபடியே இரு பக்கப் பாத்திகளுக்கும் நீர் இறைப்பார்கள். ஆண்டுதோறும் அடிச்சேற்றை அள்ளிப் பாத்தியின்மேல் அப்புவார்கள், அதுதான் உரம். பாத்தி ஓரங்களில் நம்முடைய கல்யாண முருங்கையின் இனத்தைச் சேர்ந்த மரங்களை நட்டிருப்பதைப் பார்த்து முதலில் வியந்தேன். அதன் வேர் கரையைப் பிடித்துக்கொள்ளும், நிழல் இளம் துரியன் கன்றுக்குக் குடையாகும், உதிர்ந்த இலை வாய்க்காலில் அழுகி மீண்டும் சேறாகிப் பாத்திக்கே வரும். தோன்புரியின் துரியனும், லிச்சியும், பாங் மோட் பகுதியின் ஆரஞ்சும் பேர்பெற்றது இந்த மண்ணால்தான்.

இந்த ஏற்பாட்டுக்கு இரண்டே பகைவர்கள்: நின்றுவிடும் வெள்ளமும், உள்ளே ஏறிவிடும் உப்பும். துரியன் வேர் சில நாள் நீரில் மூழ்கினாலே மரம் போய்விடும். 1942 வெள்ளத்திலும், அதற்குப் பிறகு 2011 வெள்ளத்திலும் தோன்புரி, நொந்தபுரித் தோட்டங்களில் முதிய மரங்கள் பட்டுப்போயின. கோடையில் ஆற்றில் நீர் குறையும்போது உப்புநீர் மேலேறி வரும். அப்போது மதகை மூடிவைத்தால் நன்னீர் இல்லை, திறந்துவைத்தால் உப்பு. பாங் மோட் ஆரஞ்சு சாகுபடி வடக்கே ராங்சித் பக்கம் இடம்பெயர்ந்து போயிற்று. தோட்டத்து நடுவே இருந்த ஒரு வீட்டுத் திண்ணையில், பாட்டி ஒருவர் எங்களுக்குக் கொய்யா நறுக்கிக் கொடுத்தபடி சொன்ன கணக்கு வேறு வகை. வெள்ளத்தில் செத்த மரத்தை மறுபடி நட்டுவிடலாம். பக்கத்துத் தோட்டம் விற்றுப்போய், வாங்கியவர் வாய்க்காலைத் தூர்த்து மண்மேவி வீடுகளைக் கட்டிவிட்டால், தன் பாத்திக்கு நீர் வரும் வழியும் போகும் வழியும் அன்றோடு முடிந்தது என்றார். வாய்க்கால் ஒவ்வொன்றும் அடுத்தவர் வாய்க்காலோடு தொடர்ந்திருப்பதால் இங்கே யாரும் தனியாகத் தோட்டம் வைத்திருக்க முடியாது. நில மதிப்பு உயர்ந்ததால் விற்றவர்களை அவர் குறைசொல்லவில்லை. தன் பேரனும் விற்கத்தான் போகிறான் என்று, கத்தியைத் துடைத்துக்கொண்டே, வருத்தம் ஏதும் தொனிக்காமல் சொன்னார்.

இதே பகுதியில் மிதவைச் செடிகளை விலக்கிப் போவது ஒரு தனி உழைப்பு. 1901-இல் ஐந்தாம் ராமாவின் அரச குடும்பத்தார் ஜாவாவுக்குச் சென்று திரும்பும்போது, பூவின் அழகுக்காகக் கொண்டுவந்த ஆகாயத்தாமரை அரண்மனைக் குளத்திலிருந்து தப்பி நாடெங்கும் பரவிய கதையை இங்கே எல்லோரும் அறிவார்கள். செடியின் பெயரிலேயே ஜாவா ஒட்டிக்கொண்டிருக்கிறது. மாநகராட்சியின் படகுகள் அள்ளிக் குவிக்கும் வேகத்துக்கு அது வளரும் வேகம் இளைத்ததல்ல.

சக் ப்ரா கால்வாய்க்குப் பெயர் வந்தது ஒரு திருவிழாவால்; 'சக் ப்ரா' என்றால் புத்தரை இழுத்தல். நீரில் விளக்கு மிதக்கவிடும் லோய் க்ரதோங் திருவிழாவின் முழுநிலவுக்கு அடுத்த நாள்களில் வாட் நாங் ச்சீயின் புனித எச்சத்தைப் படகில் ஏற்றி, மற்றப் படகுகள் இழுத்துக்கொண்டு போகும் ஊர்வலம் அது. அது செல்லும் வழிதான் என்னை ஈர்த்தது: பழைய ஆற்று வளைவின் வழியே, தீவை முழுவதுமாக ஒருமுறை வலம்வருகிறது. வரைபடம் மறந்துவிட்ட ஆற்றை ஒரு ஊர்வலம் ஆண்டுதோறும் வரைந்து காட்டுகிறது என்றுதான் நான் அதை எடுத்துக்கொள்கிறேன்.

பாங்காக் நொய் அகலமானது, போக்குவரத்தும் மிகுந்தது. சிறுபடகு கரையை ஒட்டியே போகவேண்டும். இக்கரையில் அரசப் படகுகளின் காட்சிக்கூடம் இருக்கிறது. 1911-இல் நீரில் இறக்கிய சுபன்னஹோங், அன்னத்தலை முகப்புக் கொண்டது, ஒரே தேக்கு மரத்தில் குடைந்தது, 46 மீட்டர் நீளம். இரண்டாம் உலகப்போரில் அருகிலிருந்த ரயில் நிலையத்தைக் குறிவைத்த குண்டுகளில் அரசப் படகுகள் சில சேதமடைந்தன. துறவிகளுக்குச் சீவரம் வழங்கும் கதின் விழாவுக்கான படகு ஊர்வலத்தை மன்னர் பூமிபோல் 1959-இல் மீட்டெடுத்தார். கூடத்தைவிட எனக்குப் பிடித்தது அதற்குச் சற்று மேலேயுள்ள பான் பு என்னும் குடியிருப்பு. செம்பும் வெள்ளீயமும் உருக்கி, அடுப்புக்கரியில் காய்ச்சிக் காய்ச்சிச் சுத்தியலால் தட்டி, கல்லால் மெருகேற்றிய கிண்ணங்களை அயுத்தயாவிலிருந்து வந்தவர்களின் வழியினர் இன்னும் செய்கிறார்கள். ஒருவர் உலையில் காய்ச்ச, இன்னொருவர் தட்ட, மற்றொருவர் மெருகிட என்று கைமாறும் வேலை அது. எஞ்சியிருக்கும் பட்டறை மிகக் குறைவு. தட்டும் ஓசை கால்வாய்க்குக் கேட்கும். படகை நிறுத்தச் சொல்லி நான் கேட்பதற்குள் லுங் நிறுத்திவிட்டார்.

கிழக்குக் கரையின் கதை சாலையோடு தொடங்குகிறது. பிரிட்டனோடு 1855-ஆம் ஆண்டில் செய்த பௌரிங் வணிக ஒப்பந்தத்துக்குப் பிறகு வந்து தங்கிய ஐரோப்பியத் தூதர்கள், மாலையில் குதிரைவண்டியில் உலாவ வழியில்லாமல் உடல்நலம் கெடுகிறது என்று நான்காம் ராமாவிடம் மனுக்கொடுத்தார்கள். 1862-இல் தொடங்கி 1864-இல் திறந்த சரோன் க்ருங் சாலை அதன் விளைவு. அடுத்த நூறு ஆண்டுகளில் சாலைகள் பெருகப் பெருகக் கால்வாய்கள் தூர்ந்தன. தமிழர்கள் எழுப்பிய மாரியம்மன் கோயில் இருக்கும் சீலோம் சாலையின் ஓரத்திலும் ஒரு கால்வாய் ஓடியது. இன்று அங்கே வாகன நெரிசலில் அரை மணி நேரம் நிற்கும் பக்தருக்கு அதைச் சொன்னால் நம்பமாட்டார். மாநகராட்சிக் கணக்கில் நகரில் இன்றும் 1,600-க்கு மேற்பட்ட கால்வாய்கள் உண்டு. ஆனால் பெரும்பாலானவை வடிகாலாகத்தான் பார்க்கப்படுகின்றன.

கிழக்கில் உயிரோடு இருக்கும் பெரிய நீர்வழி சேன் சேப். கம்போடியாவில் வியட்நாமியரோடு நடந்த போருக்குப் படைகளை விரைந்து அனுப்புவதற்காக மூன்றாம் ராமா 1837 முதல் 1840 வரை வெட்டுவித்தது. 1990 முதல் இதில் ஓடும் விரைவுப் படகுகள் 18 கிலோமீட்டருக்கு அலுவலகம் போகிறவர்களை ஏற்றிச் செல்கின்றன. கறுத்த நீர் தெறிக்காமல் இருக்கப் பயணிகளே கயிற்றைப் பிடித்து ஓரத்துத் தார்ப்பாயை ஏற்றி இறக்குவார்கள், நடத்துநர் தலைக்கவசத்தோடு படகின் விளிம்பில் தொற்றிக்கொண்டு பணம் வாங்குவார். இதில் ஓடத்தில் போவது உயிருக்கு ஆபத்து என்பதால் நானும் விரைவுப் படகில்தான் போனேன். பான் க்ருவா பகுதிக்கு அதுவே போதும். முதலாம் ராமாவின் படையில் போரிட்டதற்காக நிலம் பெற்ற சாம் இனத்து முஸ்லிம்கள் இங்கே குடியேறிப் பட்டு நெய்தார்கள். எதிர்க்கரையில் வீடு கட்டிக்கொண்ட அமெரிக்க வணிகர் ஜிம் தாம்சன், இவர்கள் நெய்ததைத்தான் உலகச் சந்தைக்குக் கொண்டுபோனார். அவர் 1967-இல் மலேசியாவின் கேமரன் மலையில் காணாமல் போனார். அவர் வீட்டைப் பார்க்க வரிசை நிற்கிறது. நெய்தவர்களின் சந்துக்குள் வருகிறவர்கள் சிலரே. ஆனால் விரைவுச்சாலைக்காகத் தங்கள் குடியிருப்பை இடிக்க அரசு முயன்றபோது பல ஆண்டுகள் எதிர்த்து நின்று, அதை நிறுத்திக்காட்டியவர்கள் அந்தச் சந்துக்காரர்கள்.

எல்லாக் கால்வாய்களிலும் இப்போது ஒரே பெரிய மாற்றம் நடந்துகொண்டிருக்கிறது: கரைச்சுவர். 2011 வெள்ளத்தில் நாடெங்கும் 800-க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். தோன்புரியின் மேற்குப் பகுதிகளில் வாரக்கணக்கில் நீர் வடியவில்லை. நிலத்தடி நீரை உறிஞ்சி உறிஞ்சி நகரமே தாழ்ந்துபோனது அந்தத் துன்பத்தை இன்னும் கூட்டியது. அதற்குப் பிறகு சிமெண்டுச் சுவர்கள் உயர்ந்தன. சுவர் எழுந்த இடங்களில், படகிலிருந்து பார்க்கும் எனக்குத் திண்ணை தெரிவதில்லை. திண்ணையில் இருப்பவருக்கு நான் தெரிவதில்லை. நீருக்குள் இறங்கிய ஏணி, சுவருக்கு அந்தப் பக்கம் காய்ந்த மண்ணில் முடிகிறது. வெள்ளம் தடுக்க வேறு வழி இருந்திருக்கும் என்று நான் எளிதாகச் சொல்லிவிட முடியாது. முழங்கால் நீரில் ஒரு மாதம் சமைத்தவர்களிடம் அதைச் சொல்லும் துணிவும் எனக்கு இல்லை. ஆயினும் சுவரை எழுப்புகிறவர்கள் படித்துறைக்கு இடம் விட்டிருக்கலாம். விட்ட இடங்களில் வாழ்க்கை அப்படியே தொடர்கிறது என்பதைப் பார்த்த பிறகே இதைச் சொல்கிறேன்.

வடக்கே லாட் ப்ராவ் கால்வாயில் இது இன்னும் சிக்கலானது. அரசு நிலத்திலும் கால்வாய்க்குள்ளேயே கால் ஊன்றியும் வீடு கட்டிய ஏறத்தாழ 7,000 குடும்பங்கள் அங்கே இருந்தன. நீர்வழியை 38 மீட்டராக அகலப்படுத்த அவர்கள் விலகவேண்டும் என்று அரசு முடிவுசெய்தது. அவர்களை ஊருக்கு வெளியே அனுப்பாமல், 2016 முதல் 'பான் மன்கோங்' (உறுதியான வீடு) திட்டத்தின்கீழ் கூட்டுறவுச் சங்கங்களாகச் சேர்த்து, அதே கரையில் 30 ஆண்டுக் குத்தகைக்கு நிலமும், வீடு கட்டக் கடனும் கொடுத்தார்கள். கால்வாய்க்கரை மக்களை இரவோடிரவாக அப்புறப்படுத்தி நகரத்துக்கு வெளியே கொட்டுவதையே வழக்கமாகப் பார்த்த எனக்கு, வண்ணம் பூசிய அந்த ஈரடுக்கு வீட்டு வரிசை உண்மையாகவே ஒரு சாதனையாகத் தெரிந்தது. அங்கே தேநீர்க்கடை வைத்திருக்கும் பெண்மணி என் பாராட்டைப் பாதிதான் ஒப்புக்கொண்டார். முன்பு இரண்டு மனை அளவுக்கு வீடு இருந்தவருக்கும் ஒரே அளவு வீடுதான். மாதத் தவணை புதிது. சேர மறுத்த அண்டை வீட்டாரோடு பேச்சு நின்றுபோயிற்று. ஆனால் மின்சாரமும் குடிநீரும் இப்போது தன் பெயரிலேயே வருகின்றன, யாரும் வந்து போ என்று சொல்ல முடியாது என்றார். சுவரை ஒட்டி மூன்று மீட்டர் நடைபாதை ஓடுகிறது. பிள்ளைகள் அதில்தான் மிதிவண்டி ஓட்டுகிறார்கள். படகு வைத்திருப்பவர் யாராவது உண்டா என்று கேட்டேன். தன் அப்பா வைத்திருந்தார், சுவர் கட்டியபோது கட்டிவைக்க இடமில்லாமல் விற்றுவிட்டோம், திட்டத்தில் படித்துறை கேட்டு இரண்டாவது மனு கொடுத்திருக்கிறோம் என்றார்.